ரெஸ்தா என்றால் மிச்சம்

"என்னவாம்?" என்று இவர் கேட்டார்.

மெதுவாகத்தான் கேட்டதாக இவருடைய நினைப்பு. உணவகத்துச் சமையலறையில் பாத்திரச் சத்தத்துக்கு மேலாகக் கத்திப் பழகிய தொண்டை அது. தியேட்டர் இருட்டில் முன்வரிசைப் பெண்பிள்ளைகள் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். திரையில் ஒரு பையனும் ஒரு பெண்ணும் கடற்கரை மணலில் உட்கார்ந்து, ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தபடி வெகு நேரமாகப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

எங்கள் இருவருக்கும் நடுவில் இருந்த மகள் தாரணி தகப்பனின் காதுப் பக்கம் சாய்ந்தாள்.

"ஒண்டும் இல்லை அப்பா. சும்மா கதைக்கினம்."

"இவ்வளவு நேரமும் சும்மாவோ?"

"ஓம்."

மற்றப் பக்கத்தில் நான். எனக்கு இத்தாலியன் விளங்கும். அந்தப் பையன், உன்னைக் கண்ட நாள் முதல் நான் நானாக இல்லை, எந்த ஊருக்குப் போனாலும் உன் குரல் கூடவே வருகிறது என்று உருகி வழிந்துகொண்டிருந்தான். அத்தனையையும் என் மகள் 'சும்மா கதைக்கினம்' என்று சுருட்டி ஓரமாக வைத்துவிட்டாள்.

கொஞ்ச நேரத்தில் அந்த இருவரும் பேச்சை நிறுத்திவிட்டு முத்தமிடத் தொடங்கினார்கள். இவர் அவசரமாகச் சோளப்பொரிப் பெட்டிக்குள் எதையோ தேடினார். தேடி முடித்துத் தலையை நிமிர்த்தினால், அங்கே இன்னும் முடிந்தபாடில்லை.

"இப்ப என்னவாம்?"

"இப்ப கதைக்கேல்லை அப்பா."

நான் சால்வைத் தலைப்பை வாய்க்குள் திணித்துக்கொண்டு சிரிப்பை அடக்கினேன்.

இவர் என்றால் என் கணவர். 'யார் அந்த இவர், அவருக்குப் பெயர் கிடையாதா' என்று போன வாரக் கட்டுரையைப் படித்த ஒரு வாசகி கேட்டிருந்தார். பெயர் இருக்கிறது. கல்யாணம் முடித்த நாளிலிருந்து நான் அதைச் சொல்லிப் பழகவில்லை, இனிமேல் பத்திரிகையில் எழுதிப் பழகுவதாகவும் உத்தேசம் இல்லை.

திங்கட்கிழமைப் படம்

அந்தப் படம் ஒரு நாவலில் இருந்து எடுத்தது. வெளிர்நீல அட்டை போட்ட தடித்த புத்தகம். ஒரு காலத்தில் நாங்கள் இருக்கிற இத்தாலிய ஊரான பலெர்மோவில் பள்ளிக்கூடம் போகிற பெண்பிள்ளைகள் எல்லோருடைய பையிலும் அது இருந்தது. பஸ்ஸில் ஏறினால் இரண்டு பேராவது அதை விரித்துவைத்துக்கொண்டு மூக்கை உறிஞ்சிக்கொண்டிருப்பார்கள். தாரணி திரும்பத் திரும்ப வாசித்து அட்டையே கழன்றுவிட்டது.

கதை இதுதான். கடற்கரைக் குளியல் விடுதி ஒன்றில் மாமனுக்கு உதவியாக டிக்கெட் விற்கிற ஒரு பெண். ஊர் ஊராகக் குடைராட்டினம் கொண்டு திரிகிற குடும்பத்துப் பையன். ஒரு கோடைகாலம் முழுக்கப் பழகுகிறார்கள். கோடை முடிகிறது, ராட்டினத்தைக் கழற்றி லொறியில் ஏற்றுகிறார்கள். அவ்வளவுதான்.

"இதுக்கு ஏன் பிள்ளை இவ்வளவு பக்கம்?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"அம்மா, தாய்!" என்றாள்.

அம்மாவையும் தாயையும் ஏன் ஒரே மூச்சில் கூப்பிடுகிறாள் என்று நினைக்காதீர்கள். இத்தாலியனில் 'தாய்' என்றால் 'போதும், விடுங்கோ' என்கிற மாதிரி. என் பிள்ளை நாளுக்குப் பத்துத் தடவை என்னைத் தாய் என்கிறாள். ஒரு தடவையாவது பாசத்தோடு சொன்னாளா என்பது வேறு விஷயம்.

படம் வந்ததும் வகுப்பு முழுதும் சனிக்கிழமை போவதாக ஏற்பாடு. தாரணி தகப்பனிடம் கேட்டாள்.

"ஆர் ஆர் போறது?"

"கிளாஸிலை எல்லாரும்."

"பெடியளுமோ?"

ஒளிக்கத் தெரியாத பிள்ளை. "ஓம்" என்றுவிட்டாள்.

"படம் எண்டால் குடும்பமாப் பாக்கிறது" என்றார் இவர். இவருக்கு ஓய்வு திங்கட்கிழமைதான். ஆகவே தோழிகள் எல்லோரும் சனிக்கிழமை பார்த்து, அழுது, முகம் கழுவி, ஒன்றுவிடாமல் கதைத்தும் முடித்த படத்துக்கு, திங்கட்கிழமை மாலைக்காட்சிக்குத் தாய் தகப்பனோடு போவதென்று தீர்ப்பாயிற்று.

வேறு நேரம் என்றால் வீடு இரண்டாகியிருக்கும். கதவு அடிபடும், நான் சமாதானத் தூதுவராக இரண்டு அறைக்கும் நடுவில் நடந்திருப்பேன். அன்று அவள் "சரி அப்பா" என்றாள். அவ்வளவுதான்.

அந்தச் 'சரி'தான் எனக்குப் பயத்தைத் தந்தது. அது ஏன் என்று விளங்க வேண்டும் என்றால் நான் பாரிஸ் விஷயத்தைச் சொல்ல வேண்டும்.

அண்ணர் வாங்கி வைத்த கதிரை

பலெர்மோவில் எங்கள் ஆட்கள் இருக்கிற இருப்பை ரயில் நிலையத்தில் இருக்கிற இருப்பு என்றுதான் சொல்ல வேண்டும். ஸ்தாசியோனே சென்ட்ராலே என்கிற மத்திய நிலையத்தில் பெட்டி படுக்கையோடு வந்து இறங்குகிறார்கள். வீடு துடைக்கிறார்கள், கோப்பை கழுவுகிறார்கள், பெர்மெஸ்ஸோ என்கிற வதிவிட அனுமதிக்காகக் கால் கடுக்க நிற்கிறார்கள். பிள்ளைகள் பிறக்கிறார்கள். பிறகு ஒரு நாள் இத்தாலியப் பாஸ்போர்ட் வருகிறது. வந்த கையோடு அதே ரயில் நிலையத்துக்குப் பெட்டி படுக்கையோடு போகிறார்கள். எங்கள் கட்டடத்திலேயே முன்பு படிக்கட்டு முழுக்கத் தமிழ் கேட்கும். இப்போது நாங்களும் மேல்மாடியில் ஒரு குடும்பமும்தான்.

எங்களுக்கும் பாஸ்போர்ட் வந்தது. அதன் மை காயுமுன் இவருடைய அண்ணர் பாரிஸில் இருந்து போன் எடுத்தார். அவருக்கு அங்கே பலசரக்குக் கடை இருக்கிறது. இரண்டாவது கடை திறக்கப் போகிறார்.

"கல்லாவிலை இருக்க எங்கடை ஆள் ஒண்டு வேணும் தம்பி. நீ வாறியெண்டால் வா. இல்லையெண்டால் சொல்லு, வேறை ஆளைப் பாக்கவேணும். உனக்கெண்டு ஒரு நல்ல கதிரை வாங்கி வைச்சிருக்கிறன்."

கதிரை என்றது சும்மா வாய்ப்பேச்சு இல்லை. வாங்கியே விட்டார். முதுகுக்கு மெத்தை வைத்த கறுப்புக் கதிரையின் படம் போனுக்கு வந்தது. இவர் அந்தப் படத்தை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

வாசகர்கள் ஒன்றை விளங்கிக்கொள்ள வேண்டும். இவர் இந்த ஊருக்கு வந்த நாள் முதல் நின்ற நிலையில் வேலை செய்கிற மனுசன். முதலில் கழுவும் தொட்டிக்கு முன், பிறகு அடுப்புக்கு முன். முழங்கால் இரண்டும் படியேறும்போது சத்தம் போடும். ஒரு நாள் என்னிடம் கேட்டார்: "இஞ்சேரும், இருந்துகொண்டு வேலை செய்யிறது எண்டால் எப்பிடி இருக்கும்?" கடல் பார்க்காதவன் கடலைப் பற்றிக் கேட்பது போலக் கேட்டார். அதற்குப் பிறகு நான் எந்த வாயால் போக வேண்டாம் என்பது?

எனக்கும் ஆசை இல்லாமல் இல்லை. பாரிஸில் தமிழ்க் கடைத்தெரு இருக்கிறது, கோயில் இருக்கிறது, கல்யாண வீடுகளில் உட்கார இடம் கிடைக்காதாம். அதே நேரம் இந்த ஊர்ப் பாஷை என் நாக்கில் ஏறுவதற்குப் பட்ட பாட்டை நினைத்தால் இன்னொரு பாஷைக்கு இன்னொரு நாக்கா வாங்குவது என்றும் இருந்தது. பல்லரோச் சந்தையில் மீன்காரன் என்னைக் கண்டால் நல்ல மீனை அடியிலிருந்து எடுப்பான். அந்த மதிப்பு இலேசில் வந்ததில்லை.

ஆனால் பறிபோகிறது எங்களுடையது அல்ல, தாரணியுடையது. அவள் இங்கே பிறந்தவள். உயர்பள்ளியில் பாதி வழியில் நிற்கிறாள். அங்கே போனால் தன்னைவிடச் சின்னப் பிள்ளைகளோடு இருந்து பிரெஞ்சு எழுத்துக் கூட்ட வேண்டும். விஷயத்தை அவளிடம் சொன்ன நாளில் நான் துவாய் ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே சொன்னேன், அழுவாள் என்று.

"சரி அப்பா" என்றாள். அறைக்குள் போய்விட்டாள். அதற்குப் பிறகு எது சொன்னாலும் சரி. சாப்பிட வா, சரி. படத்துக்குக் குடும்பமாகப் போவோம், சரி. அழுகிற பிள்ளையைத் தேற்றலாம். சரி என்கிற பிள்ளையை என்ன செய்வது?

அண்ணர் கொடுத்த தவணை அந்தத் திங்கட்கிழமை இரவுச் சாப்பாட்டு நேரம். படம் விட்டு வீட்டுக்கு வந்து போன் எடுத்து 'வாறம்' என்று சொல்வதாக இவர் மனதுக்குள் முடிவு கட்டியிருந்தார் என்பது எனக்குத் தெரியும். படமே பிள்ளைக்கு ஒரு பிரியாவிடை உபசாரம் மாதிரித்தான்.

டொக்டர் சொன்ன கடற்கரை

எங்கள் பிள்ளைகள் எல்லோரும் சின்ன வயதிலேயே மொழிபெயர்ப்பாளர்கள். பால்பல் விழுமுன்பே குவெஸ்தூரா என்கிற பொலிஸ் அலுவலகத்தில் தாய் தகப்பனுக்காக வாதாடத் தொடங்கிவிடுவார்கள். எனக்குச் சிஞ்ஞோரா, அதாவது இத்தாலியச் சீமாட்டி ஒருத்தியின் வீட்டு வேலை கிடைத்ததால் பேசப் பேசப் பாஷை வந்தது. இவருக்கு வரவில்லை. சமையலறையில் இவரோடு நிற்பவர்கள் எல்லோரும் தமிழரும் வங்காளிகளும். முதலாளியிடமிருந்து வருவது எல்லாம் 'கொண்டு வா, கழுவு, கெதியாய்' போன்ற கட்டளைகள்தான். அதனால் இவருக்குத் தெரிந்த இத்தாலியன் முழுவதும் மற்றவர்கள் இவரை ஏவிய இத்தாலியன்.

தாரணிக்கு எட்டோ ஒன்பதோ வயது இருக்கும். இவருக்கு இரத்த அழுத்தம் ஏறிவிட்டதென்று டொக்டரிடம் போனோம். டொக்டர், உப்பைக் குறைக்க வேண்டும், ஓய்வு எடுக்க வேண்டும் என்றார். பிள்ளை மிகவும் பொறுப்பான முகத்தோடு தகப்பன் பக்கம் திரும்பினாள்.

"அப்பா, உப்புக் குறைக்கட்டாம். லீவு நாளிலை என்னைக் கடற்கரைக்குக் கூட்டிக்கொண்டு போகவேணுமாம்."

நான் டொக்டரின் முகத்தைப் பார்த்தேன். அந்த மனுசன் ஒன்றும் அறியாமல் மருந்துச் சீட்டு எழுதிக்கொண்டிருந்தார். சொல்லிவிடலாமா என்று வாய் எடுத்தேன். பிள்ளை என்னைப் பார்த்தாள். நான் வாயை மூடிக்கொண்டேன்.

அந்தக் கோடை முழுவதும் ஒவ்வொரு திங்கட்கிழமையும் மொந்தெல்லோக் கடற்கரைக்குப் போனோம். இவர் காற்சட்டையை முழங்கால் வரை மடித்துவிட்டு, மருந்து குடிக்கிற முகத்தோடு தண்ணீரில் நிற்பார். பிள்ளை அவரைச் சுற்றி நீந்தும். டொக்டர் கெட்டிக்காரர் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார். அழுத்தமும் குறைந்ததுதான் அதிசயம்.

சிஞ்ஞோரா வீட்டு மிச்சம்

இன்னொரு பழைய கதையையும் சொல்லிவிட்டுத் தியேட்டருக்குத் திரும்பி வருகிறேன். இதைச் சொல்லாவிட்டால் அங்கே நடந்தது விளங்காது.

நான் இந்த ஊருக்கு வந்த புதிது. எனக்குத் தெரிந்த இத்தாலியன் எல்லாம் பல்லரோச் சந்தையில் பொறுக்கியது. அதில் ஒன்று 'ரெஸ்தோ'. காசு கொடுத்துவிட்டுக் கையை நீட்டி 'ரெஸ்தோ' என்றால் மீதிக் காசு கைக்கு வரும். ஆகவே ரெஸ்தோ என்றால் மிச்சம். இது என் மண்டையில் ஆணி அடித்தமாதிரி இருந்தது. இத்தாலியனில் சொல்லின் வால் 'ஓ' என்றும் 'ஆ' என்றும் மாறினால் பொருளே மாறிவிடும். நான் அப்போது வாலைப் பற்றிக் கவலைப்படுகிற நிலையில் இல்லை.

சிஞ்ஞோரா வீட்டில் வேலைக்குச் சேர்ந்து கொஞ்ச நாள். தனியாக வாழ்கிற மனுசி. மத்தியானம் நான் தரை துடைத்து முடித்துப் புறப்படும்போது, குசினி வாசலில் வந்து நின்றாள். அடுப்பில் இருந்த சட்டியைக் காட்டி, "ரெஸ்தா, ரெஸ்தா" என்றாள்.

மிச்சம், மிச்சம் என்கிறாள். மிச்சச் சாப்பாடு கிடக்கிறது, தின்றுவிட்டுப் போ என்கிறாள்.

எனக்கு உச்சந்தலைக்கு ஏறிவிட்டது. மிச்சம் கொடுக்கிறவர்கள் யார், வாங்குகிறவர்கள் யார் என்பதில் எங்கள் ஊரில் எவ்வளவு கணக்கு இருந்தது என்று எல்லோருக்கும் தெரியும். அந்தக் கணக்கு எவ்வளவு கேவலம் என்பது எனக்கு அன்றைக்குத்தான் மற்றப் பக்கத்திலிருந்து தெரிந்தது. "நோ, கிராத்சியே" என்று வெட்டிச் சொல்லிவிட்டு இறங்கிப் போனேன். அடுத்த நாளும் "ரெஸ்தா". அடுத்த நாளும் "நோ".

இவரிடம் சொல்லி அழுதேன். "மனுசி எனக்கு மிச்சத்தைப் போடப் பாக்குது."

"என்ன சாப்பாடு?"

"கத்தரிக்காய் பொரிச்சுப் போட்ட பாஸ்தா."

"ஆறிப்போயோ கிடந்தது?"

"இல்லை. ஆவி பறந்தது."

"அப்ப எப்பிடி அது மிச்சம்?"

நல்ல கேள்விதான். நான் கோபத்தில் இருந்தபடியால் அது என் காதில் ஏறவில்லை.

பிறகு ஒரு நாள் துடைப்பத்தை வைத்துவிட்டு நிமிர்ந்தால், மேசையில் இரண்டு தட்டு. இரண்டு முள்ளுக்கரண்டி. இரண்டிலும் ஒரே அளவு பாஸ்தா. சிஞ்ஞோரா தன்னுடைய தட்டைத் தொடாமல் எதிர்க் கதிரையை இழுத்து வைத்துக்கொண்டு, கெஞ்சுகிற குரலில், "ரெஸ்தா" என்றாள். அந்தக் குரலுக்கு அகராதி தேவைப்படவில்லை. நான் கையைக் கழுவிவிட்டு உட்கார்ந்தேன். சாப்பிடச் சாப்பிடக் கண்ணீர் வந்தது. அவள் மிளகாய்த்தூள் கூடிவிட்டதோ என்று பயந்து தண்ணீர் ஊற்றித் தந்தாள்.

அன்று மாலை மேல்மாடித் தமிழ்ப் பெண்ணிடம் கேட்டேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "அக்கா, ரெஸ்தோ எண்டால்தான் மிச்சம். ரெஸ்தா எண்டால் நில்லுங்கோ, போகாதேங்கோ எண்டு."

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் 'மிச்சம்' என்றால் 'போகாதே' என்று அர்த்தம். சும்மா என்னைச் சீண்ட இவர் தொடங்கிவைத்தது. நான் கடைக்குப் புறப்பட்டால் "இஞ்சேரும், மிச்சம்" என்பார். பேசப் பழகிய தாரணி அதை வேடிக்கை என்று தெரியாமல் மெய்யான தமிழ் என்றே எடுத்துக்கொண்டாள். பின்னேரம் இவர் வேலைக்குச் சப்பாத்துப் போடும்போது காற்சட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். "அப்பா, மிச்சம். அப்பா, மிச்சம்." பிடியை விடுவித்துக்கொண்டு படியிறங்குவது இவருக்குப் பெரும்பாடு.

வளர்ந்தாள். வேடிக்கை விளங்கியது. பிறகு அந்தச் சொல்லை விட்டுவிட்டாள்.

இருட்டில் ஒரு சொல்

திரையில் கோடை முடிந்துவிட்டது. கடற்கரைக் குடைகளை மடித்துக் கட்டிவிட்டார்கள். ராட்டினத்து மரக்குதிரைகளைக் கழற்றி, லொறியில் பக்கவாட்டில் படுக்கவைத்துப் படங்கு போட்டு மூடுகிறார்கள். எனக்கு அந்தக் குதிரைகளைப் பார்க்க ஏனோ மனது சங்கடப்பட்டது. பையன் முன்னுக்கு ஏறித் தகப்பனுக்குப் பக்கத்தில் இருக்கிறான். எஞ்சின் உறுமுகிறது.

அந்தப் பெண் ஓடி வரவில்லை. அழவில்லை. லொறிக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். கோடை முழுக்கப் பேசாத பேச்சில்லை, ஆனால் இந்த ஒன்றை மட்டும் அவனிடம் கேட்கக்கூடாது என்று வைராக்கியமாக இருந்தவள். இப்போது அண்ணாந்து பார்த்து, மெதுவாக ஒரே ஒரு சொல் சொன்னாள்.

"ரெஸ்தா."

முன்வரிசைப் பெண்பிள்ளை ஒருத்தி மூக்கை உறிஞ்சினாள்.

"என்னவாம்?" என்றார் இவர். இந்த முறை உண்மையாகவே மெதுவாகக் கேட்டார்.

நான் தாரணியைத் திரும்பிப் பார்த்தேன். திரை வெளிச்சம் அவள் முகத்தில் விழுந்திருந்தது. மற்ற நேரம் போலத் தகப்பன் பக்கம் சாயவும் இல்லை. நேரே பார்த்தபடி இருந்தாள். பிறகு சொன்னாள்.

"மிச்சமாம், அப்பா."

இவருடைய கை சோளப்பொரிப் பெட்டிக்குள் அப்படியே நின்றுவிட்டது.

படம் முழுக்க ஒளித்தும் சுருக்கியும் மொழிபெயர்த்த பிள்ளை இந்த ஒரு சொல்லை மட்டும் அச்சு அசலாக மொழிபெயர்த்திருந்தாள். எங்கள் மூன்று பேரைத் தவிர உலகத்தில் வேறு எவருக்கும் விளங்காத மொழியில். இத்தனை நாளும் சரி, சரி என்று விழுங்கி வைத்திருந்தது இதைத்தான்.

திரையில் பையன் லொறியிலிருந்து இறங்கினான். இசை வந்தது, விளக்குகள் எரிந்தன. இவர் அதற்குப் பிறகு ஒரு தடவைகூட 'என்னவாம்' என்று கேட்கவில்லை.

வியா மக்வேதா வழியாக

வெளியே இன்னும் முழுதாக இருளவில்லை. வியா மக்வேதாத் தெருவில் வழக்கமான சனம். இவர் கடலைமாவில் பொரித்த பனெல்லெ வாங்கித் தந்தார். சூட்டில் விரலை ஊதி ஊதித் தின்றுகொண்டு நடந்தோம். இவருடைய முழங்காலுக்கு ஏற்ற வேகத்தில் நடக்க எங்கள் இருவருக்கும் பழக்கம்.

"புத்தகத்திலையும் அவன் இறங்குறானோ?" என்று இவர் கேட்டார்.

"இல்லை" என்றாள் தாரணி. "அவள் ரெஸ்தா எண்டு சொல்லுறதோட புத்தகம் முடியுது. நிண்டானோ போனானோ எழுதேல்லை. அதுதான் வடிவு. இது டைரக்டர் தன்ரை பாட்டிலை போட்டது."

"டைரக்டர் நல்ல மனுசன்."

கொஞ்சத் தூரம் போன பிறகு இவர் மறுபடியும் தொடங்கினார்.

"சின்னனிலை டொக்டர் என்னைக் கடற்கரைக்குப் போகச் சொன்னவர் எண்டு சொன்னனீ எல்லோ?"

தாரணி நடப்பதை நிறுத்திவிட்டாள். நானும்தான்.

"எந்த டொக்டர் பிள்ளை அப்பிடிச் சொல்லுவார்? மருந்துச் சீட்டிலை கடலை எழுதுவாரோ?"

"தெரிஞ்சு பின்னை ஏன் வந்தனீங்கள்?"

"நீ சொன்னனீ எண்டுதான்."

அதைச் சொல்லிவிட்டு இவர் எண்ணெய்க் கடதாசியைக் கசக்கிக் குப்பைத்தொட்டியில் போட்டார். நான் இந்த மனுசனுக்குப் பாஷை தெரியாது என்று எத்தனை வருஷமாகச் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன்.

வீட்டுக்கு வந்ததும் தாரணி அறைக்குள் போய்விட்டாள். இவர் குசினியில் முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து முழங்காலைத் தேய்த்தார். பிறகு போனை மேசையில் வைத்து, சத்தத்தைக் கூட்டிவிட்டு எண்ணை அமத்தினார். எனக்கும் கேட்க வேண்டும் என்றா, அறைக்குள்ளும் கேட்க வேண்டும் என்றா, தெரியாது.

"சொல்லு தம்பி" என்றார் அண்ணர். "எப்ப வாறியள்?"

"அண்ணை, கோவிக்காதேங்கோ. கதிரையை வேறை ஆருக்கும் குடுங்கோ."

"என்னடா கதை இது?"

"நாங்கள் இஞ்சை மிச்சம்."

"என்ன மிச்சம்? காசு ஏதும் வரக்கிடக்கோ அங்கை?"

"காசு இல்லை அண்ணை. ஆக்கள்."

அண்ணர், உனக்கு விசர் என்றார், கடைசி வரைக்கும் அடுப்படியிலேயே நிண்டு சாகு என்றார், பிள்ளையின் படிப்பு முடிந்தாலாவது வருவியோ என்றார். இவர் எல்லாவற்றுக்கும் "ஓம் அண்ணை, பாப்பம் அண்ணை" என்றார். அண்ணர் போனை வைத்துவிட்டார். அவருக்குக் கோபம் ஆறச் சில மாதம் எடுத்தது. அந்தக் கதிரையில் இப்போது அவரே இருக்கிறார். மிகவும் சொகுசாம்.

"முழங்காலுக்கு என்ன செய்யப் போறியள்?" என்று நான் கேட்டேன். அந்தக் கறுப்புக் கதிரைப் படம் என் கண்ணை விட்டுப் போகவில்லை.

"அது பாரிஸுக்குப் போனாலும் என்னோடதான் வந்திருக்கும்" என்றார்.

கதவு திறந்தது. தாரணி வாசலில் நின்றாள். இத்தனை நாளும் வராத அழுகை இப்போது கொட்டிக்கொண்டு வந்தது. பெரிய பிள்ளை, தகப்பனின் தோள் வரை வளர்ந்தவள், அரிவரிப் பிள்ளை மாதிரித் தேம்பித் தேம்பி நின்றாள். இவருக்கு இந்த மாதிரி நேரங்களில் கையை எங்கே வைப்பதென்று தெரியாது. என்னைப் பார்த்தார்.

"என்னவாம்?"

"ஒண்டும் இல்லை" என்றேன். "சும்மா அழுறாள்."

அழுகைக்கு நடுவில் அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இவர் எழுந்து போய் முகம் கழுவினார். திரும்பி வந்து வழக்கமான குரலில் கேட்டார்.

"சாப்பிட என்ன கிடக்கு?"

நேற்றைய ஆட்டுக்கறிச் சட்டியை அடுப்பில் ஏற்றிக்கொண்டே சொன்னேன்: "மிச்சம்தான்."

மூன்று தட்டு வைத்தேன். மூன்று பேரும் உட்கார்ந்து சாப்பிட்டோம். சட்டியில் ஒன்றும் மிஞ்சவில்லை.